காலிலிருந்து அளந்த நூல்

ஹெல்ஸ்மியர் பேராலயத்துக்குள் சபீனா நுழைந்தபோது பொழுது சாயத் தொடங்கியிருந்தது. வெளியே கிழக்கு இங்கிலாந்தின் சதுப்பு நிலத்துப் பனிமூட்டம். உள்ளே உருகிய மெழுகின் வாசனை. ஆயர் ஆஸ்பர்ட்டின் கல்லறையைக் காவல் காக்கும் கிழவர் ஹாமோ, தரையில் சொட்டிய மெழுகைச் சுரண்டி உருட்டிக்கொண்டிருந்தார்.

"கதவைச் சாத்தும்மா. குளிரு உள்ள வந்து குடித்தனம் பண்ணுது."

சாத்தினாள். கையில் சுருட்டி வைத்திருந்த நூலை நீட்டினாள்.

"எம்பொண்ணு எலாவுக்கு, ஐயா. காய்ச்சல்ல கண்ணே தொறக்கல. சீக்கிரம் மெழுகுவத்தி ஊத்திக் குடுங்க."

நோயாளியை நூலால் அளந்து, அந்த நூலையே திரியாக்கி, அதே நீளத்துக்கு மெழுகுவத்தி செய்து ஆயரின் கல்லறையில் ஏற்றுவது அந்த ஊர் வழக்கம். ஆஸ்பர்ட் இறந்து ஒரு தலைமுறை ஆகியும் அவர்மேல் இருந்த நம்பிக்கை குறையவில்லை. குறையவும் நியாயமில்லை. கொள்ளைக் காய்ச்சல் வந்த வருடம் குருமார்கள் திசைக்கொருவராக ஓடியபோது, பட்டு அங்கியை இடுப்பில் செருகிக்கொண்டு, அநாதைப் பிணங்களைத் தாமே அளந்து, தாமே குழி வெட்டிப் புதைத்த மனிதர் அவர். தொடங்கிய குழியைப் பாதியில் விட்டதே இல்லை என்பார்கள்.

இப்போது காய்ச்சலுக்குப் பயந்து சபீனாவின் வீட்டுப் பக்கம் ஈ காக்கைகூட வருவதில்லை. புருஷன் போன பிறகு அவளுக்கென்று இருந்தது எலா ஒருத்திதான்.

ஹாமோ நூலை விளக்கருகே பிடித்துப் பார்த்தார். "அளக்க ரெண்டு பேர் வேணுமே. மறுமுனைய யாரு பிடிச்சா?"

"கூப்பிட்டேன், ஒருத்தரும் வரல. நானே அவ கால்ல முடிச்சுப் போட்டுத் தலைப்பக்கமா இழுத்தேன்."

ஹாமோவின் கை நின்றது.

"கால்லேர்ந்தா?"

"பதட்டத்துல... ஏன் ஐயா?"

"மெழுகுவத்திக்குத் தலையிலேர்ந்து அளக்கணும். கால்லேர்ந்து அளக்குறது குழிக்கும்மா."

சபீனா அவர் கையிலிருந்த நூலையே பார்த்தாள்.

"தலைமாட்டுல யாரோ நூலை வாங்கிப் பிடிச்சாங்க ஐயா," என்று முணுமுணுத்தாள். "தூக்கமில்லாத பிரமைன்னு நெனச்சேன். ஈர மண்ணு வாடை அடிச்சுது."

ஹாமோ சிலுவை போட்டுக்கொண்டார். அவள் விரலில் தன் விரல் படாமல் நூலைத் திருப்பிக் கொடுத்தார்.

சேற்றுப் பாதையில் விழுந்தடித்துக்கொண்டு ஓடினாள். வழியெல்லாம் வீடுகள், எல்லாம் தாழிட்டுக் கிடந்தன. தன் வீட்டை நெருங்கும்போது அந்தச் சத்தம் கேட்டது.

சரக்.

மண்வெட்டி ஈர மண்ணில் இறங்கும் சத்தம்.

சரக்.

கொல்லைப்புறம் போய்ப் பார்த்தாள். யாருமில்லை. முட்டைக்கோஸ் பாத்திக்கு நடுவே ஒரு குழி வாய் பிளந்து கிடந்தது.

சின்னக் குழி. எலாவின் நீளம்.

அதற்குள்ளிருந்து மண் மட்டும் தானாக மேலே வந்து விழுந்துகொண்டிருந்தது.

அவளுக்குக் கத்தத் தோன்றவில்லை, அழுகைதான் வந்தது. இவ்வளவு பெரிய ஊரில், கூப்பிட்ட குரலுக்கு வந்த ஒரே ஆள் இந்த ஆயர்தானே. குழியின் விளிம்பில் மண்டியிட்டாள்.

"ஆண்டகையே, தப்பு என்னோடது. கொழந்தைய விட்டுடுங்க. தொடங்குன வேலைய விடமாட்டீங்கன்னு தெரியும். என் நீளத்துக்கு வெட்டிக்குங்க."

சத்தம் நின்றது.

மிக அருகில் யாரோ வயதானவர் மூச்சு விடுவது கேட்டது. சில்லென்ற ஏதோ ஒன்று அவள் பாதத்தில் தொடங்கி, முதுகு வழியாக, உச்சந்தலை வரை மெல்ல ஊர்ந்து போனது.

வீட்டுக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது.

"அம்மா... பசிக்குது."

எலா எழுந்து உட்கார்ந்திருந்தாள். நெற்றி வியர்த்துக் குளிர்ந்திருந்தது. சபீனா அவளை வாரி அணைத்துக்கொண்டாள். அப்படியொரு சந்தோஷத்தை அவள் வாழ்நாளில் கண்டதில்லை.

வெளியே மறுபடியும் சரக், சரக்.

காலையில் காய்ச்சிய பார்லிக் கஞ்சியைக் கிண்ணத்தில் ஊற்றிக் கொடுத்தாள்.

"விடிஞ்சதும் கோயிலுக்குப் போயி ஹாமோ தாத்தாகிட்ட இருந்துக்கோ. என்ன?"

"நீ வரலியாம்மா?"

"மெதுவா சாப்பிடு கண்ணு. சுடும்."

கஞ்சி எப்போதோ ஆறிப்போயிருந்தது.

எலா கடைசி வாயையும் விழுங்கிவிட்டுக் கிண்ணத்தைக் கீழே வைத்தாள்.

வெளியே சத்தம் ஓய்ந்தது.

கொல்லைக் கதவை யாரோ மரியாதையாகத் தட்டினார்கள்.