வாரேன் என்று சொன்னவள்

எந்த வீட்டுக்குப் போனாலும் உமா மகேஸ்வரி தன் அம்மாவின் முந்தானைக்குப் பின்னால்தான் நிற்பாள். "பாப்பா பேரு என்ன?" என்று யாராவது கேட்டால் அம்மாதான் பதில் சொல்ல வேண்டும். ஆறாம் வகுப்புக்கு வந்த பிறகும் இதே கதைதான். அவள் பேச்செல்லாம் பக்கத்தில் உட்காரும் நிர்மலாதேவியோடு சரி.

நிர்மலாவின் அப்பா தளவாய், போலீஸில் ஏட்டு. காலையில் மகளைப் பைக்கில் கொண்டுவந்து பள்ளிக்கூட வாசலில் இறக்கிவிடுவார். உமாவைப் பார்த்தால் சும்மா விட மாட்டார்.

"ஏட்டி, இன்னைக்காவது எங்கிட்ட ஒரு வார்த்த பேசுவியா, மாட்டியா?"

உமா சிரித்துவிட்டு ஓடிவிடுவாள்.

"சரி, நாளைக்குப் பேசு. நிர்மலா, போயிட்டு வாரேன்" என்று வண்டியைக் கிளப்புவார்.

அன்று காலையும் அப்படித்தான் சொல்லிவிட்டுப் போனார். குற்றாலத்தில் சீசன் கூட்டம், அருவிக்கரையில் அவருக்குப் பந்தோபஸ்து வேலை. போகிற வழியில் சாரலில் நனைந்த சாலையில் பைக் சறுக்கிவிட்டது. பள்ளிக்கூடத்துக்கு நிர்மலாவின் மாமா வந்து, ஒன்றும் சொல்லாமல் அவளை அழைத்துப் போனார். ஜன்னல் கம்பியில் மாட்டியிருந்த தன் சிவப்புக் குடையைக்கூட அவள் எடுக்கவில்லை.

மறுநாள் அம்மா உமாவையும் கூட்டிக்கொண்டு துட்டி கேட்கப் போனாள். சாவு நடந்த வீட்டுக்கு ஆறுதல் சொல்லப் போவதைத் தென்காசிப் பக்கத்தில் அப்படித்தான் சொல்வார்கள். வீடு முழுக்க அழுகைச் சத்தம். நிர்மலா மட்டும் அழாமல் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். உமாவைப் பார்த்ததும் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். பிடித்தவள் விடவே இல்லை.

கொஞ்ச நேரத்தில் அம்மா எழுந்து, யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் வாசலுக்கு நடந்தாள். கையைச் சும்மா உருவிக்கொண்டு போக உமாவுக்கு மனசு வரவில்லை. எதையாவது சொல்லத்தானே வேண்டும்?

"போயிட்டு வாரேன் நிர்மலா" என்றாள்.

அழுதுகொண்டிருந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். நிர்மலாவின் அத்தை வடிவம்மாள் விருட்டென்று எழுந்தாள். அவள் சாதாரணமாகப் பேசினாலே நாலு வீட்டுக்குக் கேட்கும்.

"என்ன பிள்ள வளத்திருக்க? துட்டி வீட்டுல வந்து, போயிட்டு வாரேன்னு சொல்லுதா."

அம்மாவின் முகம் செத்துப்போனது. உமாவை இழுத்துக்கொண்டு தெருவில் இறங்கினாள். வாயே திறக்காத பிள்ளை ஒருவழியாக வாயைத் திறந்தது, அதுவும் திறக்கக் கூடாத இடத்தில்.

"அங்கன சொல்லிக்காமத்தான் வரணும். வாரேன்னு சொன்னா, மறுபடியும் இந்த மாதிரி ஒரு துக்கத்துக்கு வாரேன்னு ஆயிரும்லா" என்றாள் அம்மா.

உமா நடுத்தெருவில் நின்றுவிட்டாள். அப்படியானால் அந்த வீட்டில் இன்னொருவர் சாகப்போகிறாரா? நிர்மலாவின் அம்மாவா? அதுவும் தன்னாலா? இதை யாரிடமும் கேட்கவும் முடியவில்லை. பள்ளிக்கூடத்தில் தெருப்பக்கம் சங்குச் சத்தம் கேட்டாலே அவள் எழுதுவதை நிறுத்திவிடுவாள்.

நிர்மலாவின் இடம் காலியாகவே இருந்தது. குடை ஜன்னலில் தொங்கிக்கொண்டிருந்தது. ஒரு வாரம் கழித்து, நிர்மலாவின் தெருவில் இருக்கும் ஜைனப் சொன்னாள்:

"அவ யார்கிட்டயும் பேச மாட்டேங்கா. சோறும் திங்க மாட்டேங்காளாம். ஜன்னல விட்டு நகராம தெருவையே பாத்துக்கிட்டு இருக்கா."

"நீ போய்ப் பேசினியா?" என்று கேட்டாள் உமா.

"எனக்குப் பயமா இருக்கு. என்னன்னு பேச?"

உமா அன்று அம்மாவிடம் கெஞ்சிப் பார்த்தாள். "அந்தப் பொம்பள முன்னால எந்த மொகத்த வச்சிக்கிட்டுப் போக? நீ வேணா போயிட்டு வா, நான் தடுக்கல" என்றாள் அம்மா.

உமா தனியாக ஒரு வீட்டுக்குப் போவாளா? அம்மாவுக்குத் தெரியாதா, தன் பிள்ளையைப் பற்றி?

மறுநாள் பள்ளிக்கூடம் விட்டதும் உமா ஜன்னலில் இருந்த குடையை எடுத்துக்கொண்டாள். சாரல் பிடித்துக்கொண்டது. தெருமுனை வரை கால் நடந்தது. அந்த வீடு கண்ணில் பட்டதும் நின்றுவிட்டது. வாசற்படியில் வடிவம்மாள் உட்கார்ந்திருந்தாள்.

ஓடிவிடலாம் என்றிருந்தது. குடையை ஜைனப்பிடம் கொடுத்துவிட்டால் போயிற்று. ஆனால் ஜன்னலில் ஒரு முகம் தெரிந்தது. பயந்துகொண்டேதான் நடந்தாள். பயம் போகட்டும் என்று காத்திருந்தால் பள்ளிக்கூடமே முழுப் பரீட்சை முடிந்து பூட்டியிருக்கும்.

வடிவம்மாள் அவளை ஏற இறங்கப் பார்த்தாள்.

"நீ அன்னைக்கு வந்தவள்லா?"

ஒளிந்துகொள்ள முந்தானை இல்லை. உமா குடையை மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"ஆமா. வாரேன்னு சொன்னேன். அதான் வந்தேன்."

வடிவம்மாளின் கண் உமாவின் தலையில் சொட்டும் தண்ணீரிலும் கையிலிருந்த குடையிலும் மாறி மாறி நின்றது.

"கையில கொடைய வச்சிக்கிட்டு ஏன்ட்டி இப்படி நனைஞ்சிருக்க?"

"இது நிர்மலா கொட அத்த."

துட்டி வீட்டில் யாரையும் 'வா' என்று அழைக்கக் கூடாது. வடிவம்மாள் அழைக்கவில்லை. காலை மடக்கிக்கொண்டு வழிவிட்டாள்.

உள்ளே சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள் நிர்மலாவின் அம்மா. உமா முதலில் அவளுடைய முதுகைத்தான் உற்றுப் பார்த்தாள். மூச்சில் அது ஏறி இறங்கியது. அதன் பிறகுதான் உமாவுக்கே மூச்சு வந்தது.

ஆணியில் ஏட்டையாவின் மழைக்கோட்டு தொங்கியது. அதை எடுத்து வைக்க யாருக்கும் கை வரவில்லை போலிருக்கிறது. அவர் அத்தனை நாள் கேட்டும் ஒரு வார்த்தை பேசவில்லையே என்று உமாவுக்கு அழுகை வந்தது. அடக்கிக்கொண்டு நிர்மலாவின் பக்கத்தில் உட்கார்ந்து குடையை நீட்டினாள்.

நிர்மலா குடையை வாங்கவில்லை. உமாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். பேசாமல் இருந்து இருந்து அவள் குரல் கரகரத்துப் போயிருந்தது.

"அப்பாவும் அன்னைக்குப் போயிட்டு வாரேன்னுதான் சொன்னாங்க."

உமா அவள் கையை இறுக்கிப் பிடித்தாள்.

"நீ வந்துட்ட" என்றாள் நிர்மலா. அதற்குப் பிறகுதான் அவள் அழுதாள். உமாவும் அழுதாள். மழைக்கோட்டைப் பார்த்து இரண்டு பேரும் அழுது தீர்த்தார்கள்.

வடிவம்மாள் இரண்டு தட்டில் இட்லி கொண்டுவந்து வைத்தாள். "ஒண்ணு அவளுக்கு, ஒண்ணு ஒனக்கு. அவ திங்கலன்னா ஒனக்கும் கெடையாது" என்றாள். நிர்மலா ஒரு இட்லியைப் பிட்டாள். பாதிதான் தின்றாள். மீதியை உமாவின் தட்டில் தள்ளிவிட்டாள், வகுப்பில் மதியச் சாப்பாட்டுக்குச் செய்வது போலவே.

இருட்டுவதற்குள் வீடு திரும்ப வேண்டும். உமா எழுந்தாள். இந்த முறை அவளுக்குத் தெரியும், சொல்லிக்கொள்ளக் கூடாது. உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு வாசல் வரை நடந்தாள். திரும்பிப் பார்த்தாள். நிர்மலா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். உமா மெல்ல வடிவம்மாளைப் பார்த்தாள்.

வடிவம்மாள் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"நான் அடுப்படிக்குப் போறேன். அங்கன இருந்தா எனக்கு ஒண்ணும் கேக்காது" என்று யாரிடமோ சொல்வது போலச் சொல்லிவிட்டு உள்ளே போனாள். போனவள் பாத்திரங்களை உருட்டத் தொடங்கினாள். கொஞ்சம் அதிகமாகவே உருட்டினாள்.

உமா வாசற்படியில் நின்று, அந்தச் சத்தத்தையும் தாண்டிக் கேட்கும்படி சொன்னாள்:

"போயிட்டு வாரேன் நிர்மலா."