பதினாலும் நலம்

எண்ணிக்கை சரியாக இருந்தது. கோவிந்தராஜுக்கு இடித்தது அதுதான்.

கொட்டகையில் பதினாலு மாடுகள் நின்றன. ஒன்பதுதான் நிற்க வேண்டும். மீதி ஐந்தைப் பாறைக்குப் பின்னால் குழி தோண்டிப் புதைத்து மூன்று வாரம் ஆகிறது. பக்கத்தில் நின்று மண் தள்ளச் சொன்னவரே அவர்தான். சாயங்காலம் நாலு மணிக்குத் தூறல் பிடித்திருந்தது, தகரக் கூரை ஓயாமல் சலசலத்தது, சாணி வாடைக்கும் மூத்திர வாடைக்கும் நடுவே புதிதாகத் தோண்டிய மண்ணின் வாடை மூக்கில் ஏறியது. மழை பெய்தால் மண் வாடை வரத்தானே செய்யும் என்று சொல்லிக்கொண்டு மறுபடி எண்ணினார். பதினாலு.

செஞ்சிக் கடைத்தெருவில் இரும்புக் கடை வைத்திருப்பவர். நாலு பேர் புண்ணியவான் என்று சொல்லட்டுமே என்ற ஆசையில் மலையடிவாரத்துக் காலி மனையில் கொட்டகை போட்டு, கோசாலை என்று போர்டு மாட்டினார். சித்திரையில் போலீஸ் ஒரு லாரியை மடக்கியது. ஆறு மாடு நிற்கும் இடத்தில் பதினாலை நெருக்கிக் கட்டியிருந்தார்கள். மிருகவதைத் தடுப்புச் சட்டத்தில் வழக்கு. வழக்கு முடியும்வரை மாடுகளைப் பராமரிக்கும் இடைக்காலப் பொறுப்பைக் கோர்ட் இவருக்குக் கொடுத்தது. பேப்பரில் படம் வந்தது. படம் வந்ததோடு சரி. யார் வீட்டு மாட்டுக்கோ நாம் ஏன் வைக்கோல் போட வேண்டும் என்று இரண்டாம் மாதமே தோன்றிவிட்டது. லாரியில் சாகாமல் வந்தவை கொட்டகையில் பட்டினி கிடந்து செத்தன. காப்பாற்றிய லட்சணம் அது.

செத்ததைச் சொன்னால் கோர்ட் சும்மா விடாது. ஜெயில் வரை போகும், கடைத்தெருவே சிரிக்கும். ஒவ்வொரு மாட்டின் இடது காதிலும் நம்பர் போட்ட மஞ்சள் வில்லை இருந்தது. கழற்றினால் உடைந்துவிடும் என்பதால் ஐந்தின் காதையும் வில்லையோடு சேர்த்து அறுத்து, ஒரு பிஸ்கட் டப்பாவில் போட்டு வைத்தார். யாராவது பார்வையிட வந்தால் பஸ் ஸ்டாண்டில் திரியும் மாடுகளைப் பிடித்து வந்து எப்படியாவது அந்த வில்லைகளை மாட்டிவிடலாம் என்பது அவர் கணக்கு. கோர்ட்டில் பதினாலு நம்பரையும் வரிசையாக எழுதி, அத்தனையும் உயிரோடு, நலமாக, என் பொறுப்பில் உள்ளன என்று சத்தியம் செய்து கையெழுத்தும் போட்டிருந்தார்.

கோர்ட்டுக்காகப் பார்வையிட நாளை வரவேண்டிய மாட்டு டாக்டர் ஜெயஸ்ரீ, இன்றே வருகிறேன் என்று திடீரென்று போன் செய்ததில் டப்பாவைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்திருந்தார். வந்து பார்த்தால் இப்படி.

சாந்திதான் புத்திசாலித்தனமாக மாடுகளைப் பிடித்து வந்திருக்க வேண்டும். தொண்டூரிலிருந்து வந்து சாணி அள்ளுகிறவள், வைக்கோல் கேட்டுக் கேட்டு வாய் ஓய்ந்தவள். அவளிடமே கேட்டார்.

"நா எதையும் புடிச்சாரல மொதலாளி," என்றாள் சாந்தி, தரையைப் பார்த்தபடி. "காலைல வந்தேன். நின்னுக்கிணு இருந்துது."

டப்பாவைத் திறந்தார். ஐந்து காதுகள், காய்ந்து சுருண்டு கிடந்தன. ஒவ்வொன்றிலும் வட்டமாக ஓர் ஓட்டை. வில்லை ஒன்றுகூட இல்லை.

டாக்டரம்மா குடையோடு வேலிக்கு வெளியிலேயே நின்றுகொண்டார். கொட்டகையில் கணுக்கால்வரை சேறு. சாந்தி உள்ளே போய் நம்பர்களைப் படித்தாள். ஐந்து மாடுகள் மட்டும் இடது பக்கத்தைச் சுவரோடு ஒட்டி வைத்து நின்றன. அந்த இடுக்கில் அவள் நுழைந்து படித்தபோது குரல் மட்டும்தான் வந்தது, ஒரே சீராக, பள்ளிக்கூடத்தில் ஆஜர் எடுப்பதைப் போல. எல்லாம் ஒத்துப்போயின. அந்த ஐந்தும் ஏன் அப்படி நிற்கின்றன என்று டாக்டரம்மா கேட்டார். குளிர் என்று கோவிந்தராஜ் சொன்னார். வண்டி கிளம்பிப் போனது.

தப்பித்தோம். நிஜமாகவே அவருக்குச் சிரிப்பு வந்தது.

அப்போது வக்கீல் போன் செய்தார். தளவானூர் இளமாறன் தன் மாடுகளைத் திருப்பிக் கேட்டுப் போட்ட மனு தள்ளுபடி. சந்தையில் உழவுக்கு வாங்கிய ஜோடி மாட்டை ஊருக்குக் கொண்டுபோக அந்த லாரியில் இடம் பிடித்த பாவத்துக்கு, நாலு மாதமாகக் கோர்ட் வாசலில் நிற்பவன் இளமாறன். போன ஞாயிற்றுக்கிழமை இந்தக் கேட்டுக்கு வெளியே நின்று, தன் மாட்டை 'மயிலை, மயிலை' என்று இருட்டும்வரை கூப்பிட்டான். அது மேயப் போயிருக்கிறது என்று சொல்லி அனுப்பிவிட்டார் கோவிந்தராஜ். அன்றைக்கு மயிலை குழிக்குள் இருந்தது.

"நீங்க எழுதிக் குடுத்தத ஜட்ஜ் அப்படியே எடுத்துக்கினாரு," என்றார் வக்கீல். "நல்லா இருக்கிற மாட்ட எதுக்கு எடம் மாத்தணும்னு கேட்டாரு. கேஸ் முடியற வரைக்கும் பதினாலும் உங்ககிட்டதான். பத்து வருசம் ஆனாலும்."

போனை அணைத்தபோது கொட்டகை இருட்டியிருந்தது. சாந்தி வாளியைக் கவிழ்த்து வைத்துவிட்டு முந்தானையை உதறினாள்.

"அதுங்களுக்குப் பசிக்குது மொதலாளி. பாத்துக்கிறேன்னு நீங்கதான எழுதிக் குடுத்தீங்க."

நாளை முதல் வரமாட்டேன் என்றும் சொன்னாள். அவள் போன பிறகு கேட்டின் கொண்டி விழுந்த சத்தம் கேட்டது.

பிறகு அசை போடும் சத்தம். காலித் தொட்டி. ஒரு வைக்கோல் துரும்பு இல்லை. ஆனாலும் மெல்லுகிற சத்தம். நறநறவென்று, மணலை மெல்லுகிறாற்போல.

ஐந்தும் சுவரை விட்டு விலகின. திரும்பின. வாசலுக்கும் அவருக்கும் நடுவே வந்து நின்றன.

இடது பக்கம் இப்போது தெரிந்தது. காது இல்லை. அறுத்த இடத்தில் மண் அடைத்திருந்தது. மண்ணுக்குள் மஞ்சள் வில்லை.

மற்ற ஒன்பதும் மூலையில் ஒடுங்கின. அவர் பின்னால் நகர்ந்தார். தொட்டி இடித்தது. டப்பா கைநழுவிச் சேற்றில் விழுந்தது.

முதலில் வந்தது மயிலை. விலா எலும்புகளின் நடுவே வேர்கள். மூச்சு இல்லை. நாக்கை நீட்டி அவருடைய உள்ளங்கையில் வைத்தது. ஜில்லென்ற நாக்கு. நக்கியது. தோல் உரிய உரிய நக்கியது. கத்தினார். சத்தம் வரவில்லை.

வெளியே, மழையில், கேட்டுக்கு அந்தப் பக்கம், இளமாறன் வந்து நின்று கூப்பிட்டான்.

"மயிலே..."

அது திரும்பவில்லை. பின்னால் நாலும் வரிசையாக நின்று, விளிம்புவரை மண் நிறைந்த வாயைத் திறந்து வைத்துக்கொண்டு, அவரிடம் தீனிக்காகக் காத்திருந்தன.