குழாய் எடுத்த மாலை

வியாழக்கிழமை காலை ஒன்பது மணிக்கு திவாகரனின் கழுத்துக் குழாயை ஒரு சின்ன மூடியால் அடைத்தார்கள். இனி மூக்கு வழியாக மூச்சு, வாய் வழியாகப் பேச்சு என்றார் டாக்டர். மூச்சு வந்தது. பேச்சு வரவில்லை.

சிஸ்டர் பின்ஸி எவ்வளவோ கேட்டுப் பார்த்தாள். பெண்டாட்டியை ஒரு திட்டாவது திட்டுங்கள் என்றாள். அவர் வல்சலாவைப் பார்த்தார். பிறகு பக்கத்துக் கட்டிலைப் பார்த்தார். அது காலியாக இருந்தது.

மறுநாள் மாலை குழாயை எடுத்தார்கள். ஒரு நாள் முழுக்க அடைத்திருந்தும் திணறவில்லை, சளியைத் தானே இருமித் துப்புகிறார், போதும் என்றார் டாக்டர். நாடாவை வெட்டி, இருமச் சொல்லி, அந்த இருமலோடு வளைந்த குழாயை உருவினார். ஓட்டையின் மேல் மடித்த துணியை வைத்து ஒட்டினார். சில நாளில் தானாக மூடிக்கொள்ளும். அதுவரை பேசும்போது இரண்டு விரலால் துணியை அழுத்திக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் காற்று அந்த வழியே போய்விடும், குரல் எழாது.

"பயப்படாதீங்க சேச்சி. குரல் எங்கயும் போகல, உள்ளதான் இருக்கு" என்றாள் பின்ஸி.

வல்சலா பயந்தது அதற்குத்தான்.

போன வாரம் வரை பக்கத்துக் கட்டிலில் விஜயப்பன் இருந்தார். குட்டநாட்டுப் படகுக்காரர். அவர் கழுத்திலும் குழாய். துணைக்கு மனைவி லதிகா. ஒருத்தி வெளியே போனால் மற்றவள் இரண்டு கட்டிலையும் பார்த்துக்கொள்வாள். அந்த வார்டில் அதை யாரும் உதவி என்றுகூடச் சொல்வதில்லை. அவருடைய கடைசி நாள் மதியம் லதிகா வாசலில் இலவசச் சோற்றுப் பொதி வரிசைக்குப் போனாள். வல்சலா சுவரில் சாய்ந்து கண்ணை மூடினாள். பல இரவுகளாகத் தூக்கமில்லை. கட்டில் கம்பியில் மோதிரம் மோதியது. குழாயில் சளி அடைத்தால் விஜயப்பன் அப்படித்தான் கூப்பிடுவார். அவள் ஒரு கண்ணைத் திறந்தாள். அவர் கை அவள் பக்கம் நீண்டிருந்தது.

எழுந்து சிஸ்டரைக் கூப்பிட வேண்டும். இதோ, ஒரு நிமிஷம் என்று நினைத்தாள். லதிகா வந்துவிடுவாள் என்று நினைத்தாள். சத்தம் நின்றது. அப்பாடா என்றிருந்தது.

லதிகா இரண்டு பொதிகளோடு வந்தாள். ஒன்று வல்சலாவுக்கு. விஜயப்பனின் மூச்சு அதற்குள் நின்றிருந்தது. தூங்கிக்கொண்டுதான் இருந்தார், எனக்கு ஒன்றும் கேட்கவில்லை என்றாள் வல்சலா. சொல்லிவிட்டுத் திரும்பினாள். திவாகரன் விழித்திருந்தார்.

இப்போது ஜன்னலுக்கு வெளியே கர்க்கடக மாத மழை இருட்டிக்கொண்டு இறங்கியது. டெட்டாலும் ஈரப் போர்வையும் யாரோ உரித்த ஆரஞ்சுத் தோலும் கலந்த வாடை வார்டில் தேங்கி நிற்க, மின்விசிறி ஒவ்வொரு சுற்றுக்கும் ஒருமுறை முனகியது. அந்த முனகலுக்கு அடியில், துணியைத் தள்ளிக்கொண்டு வரும் காற்றின் மெல்லிய சீழ்க்கையை வல்சலா கேட்டுக்கொண்டிருந்தாள். திவாகரனின் மார்பு ஏறி இறங்கியது. கழுத்துத் துணி உப்பி அமுங்கியது. சற்று நேரம் பார்த்தபின்தான் தெரிந்தது. மார்பு இறங்கி அசையாமல் கிடக்கும்போதும் துணி உப்பியது.

இன்னொரு மூச்சு.

பின்ஸியைக் கூப்பிட்டாள். அவள் திவாகரனின் விரலில் ஆக்சிஜன் கிளிப் மாட்டிப் பார்த்தாள். எல்லாம் சரியாக இருக்கிறது, கொஞ்சம் காற்று கசியத்தான் செய்யும் என்று சொல்லிவிட்டுப் போனாள்.

அப்போதுதான் லதிகா வந்தாள். வெள்ளைப் புடவை முழங்கால்வரை நனைந்திருந்தது. கையில் வல்சலாவின் பிளாஸ்க். சாமான்களோடு தவறிப் போய்விட்டதாம், திருப்பிக் கொடுக்க வந்தாளாம். காலிக் கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தாள்.

"குழாய் எடுத்தும் பேச மாட்டேங்கிறாராமே? இத்தனை நாள் நீங்க பேசினதைக் கேட்டே மனுஷனுக்கு அலுத்துப்போச்சு போல, சேச்சி."

வல்சலா சிரிக்கப் பார்த்தாள்.

தன் ஆளாக இருந்தால் குழாய் வெளியே வந்த உடனே கள்ளு கேட்டிருப்பார் என்றாள் லதிகா. படகில் நின்று கூப்பிட்டால் அக்கரையில் கேட்கும் குரலாம்.

"நீங்க அதைக் கேட்டதே இல்லையே. இங்க வரும்போதே குழாய் போட்டாச்சு."

மின்சாரம் போனது. விசிறி நின்றது. மழை மட்டும்.

துணி உப்பியது.

"லதிகே."

கனத்த குரல். தண்ணீருக்கு மேலே கூப்பிட்டுப் பழகிய குரல். திவாகரனுடையது இல்லை.

வல்சலா பார்த்தாள். அவர் உதடுகள் மூடியிருந்தன. கைகள் இரண்டும் போர்வைக்கு மேலே, அசையாமல். கழுத்துத் துணியை யாரும் அழுத்தவில்லை. கண்கள் மட்டும் விரிந்து, அவளைப் பார்த்தன. அவற்றிலும் பயம்.

"லதிகே."

பிளாஸ்க் உருண்டது. லதிகா எழுந்தாள். அலறவில்லை. அருகே போனாள். குனிந்தாள். திவாகரனின் முகத்தை அவள் பார்க்கவே இல்லை. இரண்டு விரலால் அந்தத் துணியை மெல்ல அழுத்தினாள். காதைக் கழுத்தோடு வைத்தாள்.

"சொல்லுங்க சேட்டா, நான் வெளிய போயிருந்தப்போ என்ன ஆச்சு?"