நாற்பது நிமிட வேலி

காலை ஆறரை மணிக்குச் செவிப்பொறியை மாட்டிக்கொண்டதும் கித்தேரிக்கு முதலில் கேட்பது ஒரு பெருமூச்சு. ஏழாம் எண் நீர்மட்டத்துக்கு வந்து மூச்சுவிடும் ஓசை. நாலைந்து விநாடி கழித்து, அவசர அவசரமாக, சின்னதாக இன்னொன்று. அது குட்டியுடையது. இரண்டும் கேட்ட பிறகுதான் அவள் டீயைக் கையில் எடுப்பாள். அதற்குள் டீ ஆறிப்போனால் போகட்டும் என்று விட்டுவிடுவாள்.

மணப்பாட்டுக் கேட்பு நிலையத்தில் இப்படி ஆறு பேர் உட்கார்ந்திருந்தார்கள். ஆளுக்கொரு நீலத் திமிங்கலம். இந்தப் பக்கத்துக் கடலில் மிஞ்சியவை மொத்தமே பதினான்குதான். மீதி எட்டை இலங்கைக்காரர்களும் மாலத்தீவுக்காரர்களும் பார்த்துக்கொண்டார்கள். மீன்பிடி அடியோடு நின்று இருபத்திரண்டு வருடம் ஆகிவிட்டது. மனிதர்கள் தொட்டியில் வளர்த்த மீனைத் தின்னப் பழகிக்கொண்டார்கள். கொலைத் திமிங்கலங்கள் எனப்படும் ஓர்க்காக்களுக்கு யார் தொட்டி கட்டிக்கொடுப்பது? சூரையும் தீர்ந்து சுறாவும் அருகிப்போன கடலில் அவை திமிங்கலங்களைத் தேட ஆரம்பித்தன. அவற்றிலும் அதிகம் மிச்சமில்லை என்பதால் சுடவும் கூடாது, பிடிக்கவும் கூடாது. தின்ன வருவதையும் காப்பாற்ற வேண்டும், தின்னப்படுவதையும் காப்பாற்ற வேண்டும். இப்படியொரு சிக்கலில்தான் துணையர் என்ற வேலை முளைத்தது.

ஒவ்வொரு திமிங்கலத்தையும் சுற்றிப் பன்னிரண்டு மிதவைகள் தாமாகவே நீந்திக்கொண்டிருக்கும். ஒவ்வொன்றின் அடியிலும் கடலுக்குள் நடப்பதைக் கேட்க ஒரு நீர்க்காது. ஓர்க்காக் கூட்டம் நெருங்கினால் துணையர் ஒரு பொத்தானை அழுத்துவார். உடனே பன்னிரண்டு மிதவைகளும் ஓர்க்காக்களுக்கு ஆகாத ஒரு சத்தத்தை எழுப்பும். அதற்கு ஒலிவேலி என்று பெயர். நாற்பது நிமிடம் ஒலிக்கும். பிறகு மின்கலம் தேற ஒரு மணி நேரம் பிடிக்கும். மாதத்துக்கு மூன்று முறைக்கு மேல் எழுப்பக் கூடாது என்று விதிப்புத்தகம் சொன்னது. ஏன் என்று சொல்லவில்லை. மின்கலத்தை மிச்சம் பிடிக்கத்தான் இருக்கும் என்று நிலையத்தில் எல்லாரும் நினைத்துக்கொண்டார்கள்.

திமிங்கலத்துக்குப் பேர் வைக்கக் கூடாது என்பது இன்னொரு விதி. கித்தேரி அதை மீறவில்லை. ஏழாம் எண் குட்டி போட்ட அன்று தூத்துக்குடிக்கு ஆள் அனுப்பி நிலையம் முழுக்க மக்ரூன் கொடுத்தாள், அவ்வளவுதான். “நீயா பெத்த?” என்று கேலி பேசியவர்கள்தான் ஆளுக்கு இரண்டாக எடுத்தார்கள். வீட்டில் அவளுக்குப் புருஷன் இருந்தான், தலைக்கு மேல் வளர்ந்த இரண்டு பிள்ளைகள் இருந்தார்கள், பாசத்துக்கு ஒன்றும் பஞ்சமில்லை. ஆனாலும் அந்தக் குட்டியின் மூச்சு ஒரு விநாடி தள்ளிப்போனால் அவள் எழுந்து நின்றுவிடுவாள்.

அதனால் அவள் பொத்தானை அழுத்தினாள். திரையில் ஓர்க்காக் கூட்டத்தின் பதினொரு புள்ளிகளும் முப்பது மைலுக்கு அப்பால் வேறு திசையில் போய்க்கொண்டிருந்தாலும் அழுத்தினாள். சத்தம் கேட்டதும் அவை இன்னும் விலகிப்போவதை முதல் சில தடவை பார்த்தாள், பிறகு பார்க்கவில்லை. அன்று ராத்திரி அவளுக்கு நல்ல தூக்கம் வரும்.

மூன்று முறைக்கு மேல் அழுத்த நிலையத் தலைவர் மிக்கேல் கொரைரா அனுமதிக்க வேண்டும்.

“ஏம்மா கித்தேரி, இந்த மாசத்துல இது எட்டாவது தடவ. கையில என்ன அரிப்பா ஒனக்கு?”

“மனசு கேக்க மாட்டேங்குது அண்ணாச்சி. பிள்ள சின்னது. அஞ்சு மாசந்தான ஆகுது.”

“ஒன் மவளுக்குக்கூட நீ இவ்வளவு பாத்திருக்க மாட்ட” என்று சிரித்துக்கொண்டே அவர் அனுமதி கொடுத்துவிடுவார். நல்ல மனிதர். யாரிடமும் முடியாது என்று சொல்லத் தெரியாது.

அந்த வெள்ளிக்கிழமை மத்தியானம், சாப்பாட்டுத் தூக்கை அப்போதுதான் மூடிவைத்திருந்தாள். பதினொரு புள்ளிகளும் ஆறு மைலில் இருந்தன. இவ்வளவு கிட்டத்தில் அவை வந்ததே இல்லை. கித்தேரி பொத்தானை அழுத்தினாள். வழக்கம்போல ஏழாம் எண் குட்டியை அணைத்துக்கொண்டு மிதவை வட்டத்தின் நடுவுக்கு வந்து நின்றது. அந்தச் சத்தம் கேட்கும் இடத்தில் ஆபத்தில்லை என்று அது பழகியிருந்தது. கித்தேரி மூச்சை விட்டாள்.

ஓர்க்காக்கள் விலகவில்லை, நேராக நெருங்கி வந்தன. வட்டத்துக்கு வெளியே, முக்கால் மைலில், ஒன்றையொன்று ஒட்டி நின்றன. பேச்சுமூச்சில்லை. பத்து நிமிடம் ஆயிற்று, இருபது ஆயிற்று, முப்பத்தைந்து ஆயிற்று.

“அண்ணாச்சி, இங்க வாங்களேன். எதுக்கு இதுவ இப்படி நிக்கிது?”

மிக்கேல் வந்து பார்த்தார். அவருக்கும் ஒன்றும் புரியவில்லை. நாற்பதாவது நிமிடம் ஒலிவேலி நின்றது. பதினொரு புள்ளிகளும் ஒரே நேரத்தில் அசைந்தன.

கித்தேரி திரும்பத் திரும்பப் பொத்தானை அழுத்தினாள். மின்கலம் தேறுகிறது, ஒரு மணி நேரம் காத்திருக்கவும் என்று திரை திரும்பத் திரும்பச் சொன்னது.

துணையர்களுக்குள் எழுதாத ஒரு வழக்கம் உண்டு. திமிங்கலத்துக்கு என்ன நேர்ந்தாலும் கடைசி ஓசை அடங்கும்வரை செவிப்பொறியைக் கழற்றக் கூடாது. ஒருவராவது கூட இருக்க வேண்டும் என்பதற்காக. கித்தேரி கழற்றவில்லை. தாயையும் குட்டியையும் பிரிக்க அவை இடையில் பாய்ந்து பாய்ந்து நுழைந்ததைக் கேட்டாள். தாய் குட்டியைத் தன் முதுகில் ஏந்தி நீருக்கு மேலே தூக்கியதையும், அது வழுக்கி விழுந்ததையும், மறுபடி தூக்கியதையும் கேட்டாள். இரண்டு ஓர்க்காக்கள் குட்டியின் மூச்சுத்துளை மேல் ஏறிப் படுத்துக்கொண்டன. தாயின் வால் தண்ணீரை அறைந்த அறையில் ஒரு மிதவை உடைந்தே போயிற்று. ஒன்றரை மணி நேரம். இடையில் மின்கலம் தேறி ஒலிவேலி மறுபடி எழுந்தது. ஒன்றுகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

ஓர்க்காக்கள் குட்டியின் நாக்கையும் உதடுகளையும் மட்டும் தின்றுவிட்டுப் போயின. மிச்சத்துக்குச் சுறாக்கள் வந்தன. அவை தின்னும் ஓசையும் அடங்கும்போது சாயங்காலம் ஆகியிருந்தது. கித்தேரி செவிப்பொறியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு, அங்கேயே வாய்விட்டு அழுதாள்.

திங்கட்கிழமை, பதிவுகளை ஆராயும் ஜுலைகா கணினியோடு வந்தாள். காயல்பட்டினத்துப் பெண், எதையும் இரண்டு தடவை சரிபார்க்காமல் பேசமாட்டாள். அன்று பேசுவதற்கே தயங்கினாள்.

“சும்மா சொல்லும்மா” என்றாள் கித்தேரி.

“அக்கா, மத்தவங்கள்லாம் மாசம் மூணு தடவதான் அழுத்திருக்காங்க. நீங்க அஞ்சு மாசத்துல நாப்பத்தியொரு தடவ. முதல்ல சத்தம் கேட்டதும் அதுங்க விலகிப் போயிருக்கு. பத்துப் பன்னெண்டு தடவைக்கு அப்புறம் விலகல. போற வழிய மாத்தி ஒவ்வொரு தடவையும் ஒரு மைல், ரெண்டு மைலு கிட்ட வந்து பாத்திருக்கு.”

“எதுக்கு?”

“சத்தம் வர்ற எடத்துல திமிங்கலம் இருக்கும்னு கத்துக்கிச்சு அக்கா. நாப்பது நிமிஷத்துல நின்னுரும்னும் கத்துக்கிச்சு. நீங்க முதல்ல அழுத்துனப்போ அந்தக் கூட்டத்துக்கு ஏழாம் எண் அங்க இருக்கறதே தெரியாது.”

பக்கத்தில் நின்ற மிக்கேல் குறுக்கே பேசினார். “ஒவ்வொண்ணுக்கும் கையெழுத்துப் போட்டது நாந்தாம்மா. ஒன் மேல தப்புன்னா என் மேலயும் தப்புத்தான்.”

“நீங்க அழுத்தலியே அண்ணாச்சி” என்றாள் அவள். “நாந்தான கூப்புட்டு விட்டேன்.”

ஓர்க்காக்கள் கற்றதைத் தங்களுக்குள் சொல்லிக்கொள்ளும். அதனால் மூன்று நாடுகளும் ஒரே முடிவுக்கு வந்தன: எல்லாத் திமிங்கலங்களிடமிருந்தும் மிதவைகளை விலக்கிவிடுவது, இனி யாரும் அவற்றைத் தொடர்வதில்லை. மற்றவர்களின் மிதவைகள் ஒரே நாளில் கரைக்குத் திரும்பின. கித்தேரியின் மிதவைகள் திரும்பவில்லை. அவை கிளம்பியதும் ஏழாம் எண்ணும் பின்னாலேயே வந்தது. வேகத்தைக் கூட்டினால் அதுவும் கூட்டியது. இரண்டு நாள் இரை எடுக்காமல் வந்தது.

“இப்படியே கரைக்குக் கொண்டாந்தா அதுவும் வந்து தரை தட்டிரும்” என்றார் மிக்கேல். “மிதவைய ஆழத்துலயே முக்கிர வேண்டியதுதான்.”

“நான் செய்யட்டுமா அக்கா?” என்று கேட்டாள் ஜுலைகா.

“வேணாம்மா. அவளுக்கு நாந்தான் பழக்கம்.”

இரண்டாயிரம் மீட்டர் ஆழமிருந்த இடத்தில் மிதவைகளை நிறுத்தி, கித்தேரி ஒவ்வொன்றாக முக்கினாள். ஒன்று போனதும் ஏழாம் எண் அடுத்ததன் பக்கத்தில் போய் நின்றது. கடைசியில் ஒன்றுதான் மிஞ்சியது. அதை உரசிக்கொண்டு வந்து நின்று, தாழ்ந்த குரலில், குட்டையாக ஒரு ஓசை எழுப்பியது. தாய்த் திமிங்கலம் தன் குட்டியிடம் மட்டும் எழுப்பும் ஓசை அது. எழுப்பிவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தது. மறுபடி எழுப்பியது.

கித்தேரியின் விரல் ஒலிவேலிப் பொத்தான் மேல் இருந்தது. ஒரே ஒரு விநாடி அழுத்தினால் போதும், நான் இருக்கிறேன் என்று அதற்குத் தெரிந்துவிடும். திரையின் ஓரத்தில், பத்தொன்பது மைலில், பதினொரு புள்ளிகள் நின்றுகொண்டிருந்தன.

விரலை எடுத்து, முக்கும் விசையை இழுத்தாள்.

மிதவை இறங்கியது. ஏழாம் எண்ணும் கூடவே இறங்கியது. நூறு மீட்டர், இருநூறு, முந்நூறு. கொஞ்ச தூரத்துக்கொரு தடவை அந்த ஓசையை எழுப்பிக்கொண்டே வந்தது. அதற்கு மேல் அதனால் வர முடியவில்லை. ஓசை மேலேயே நின்றுவிட, நீர்க்காது மட்டும் கீழே போய்க்கொண்டிருந்தது.

“வராத” என்றாள் கித்தேரி, செவிப்பொறியை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு. “போயிரு ஆத்தா. இனிமே எந்தச் சத்தத்துக்கும் வராத. நான் கூப்புட்டாலும் வராத.”

அவள் பேசுவது அந்த அறையைத் தாண்டாது. தொலைவில் இன்னும் ஒரு முறை அந்த ஓசை கேட்டது. பிறகு நீர்க்காது ஆழத்தின் அழுத்தம் தாங்காமல் நின்றுபோயிற்று.