ஒரே மாதத்துப் பிள்ளைகள்

நெவேனா மாடிப்படி இறங்கும்போது வலது காலின் ஓசை ஒருமுறை கேட்டது. இடது கால் இருமுறை.

அம்மா ரதின்கா அடுப்படியில் சுட்ட குடைமிளகாய்களின் கருந்தோலை உரித்துக்கொண்டிருந்தாள். முற்றமெல்லாம் புகை, விரலிடுக்கெல்லாம் இனிப்பும் கரியுமாய்ப் பிசுபிசுப்பு. அந்த வாசனைக்கு அடியில், நனைந்த மண்ணும் அணைத்த மெழுகுவர்த்தியும் கலந்த இன்னொரு வாசனை, பிள்ளைக்கு ஒரு படி முன்னால் மெதுவாக இறங்கி வந்தது.

"காலை இழுக்காதேடி."

"நான் இழுக்கலம்மா. அக்கா வேகமாப் போறா."

காலுறையைக் கழற்றிப் பார்த்தாள். எட்டு வயதுக் கணுக்காலைச் சுற்றி, கொலுசுத் தடம் போல ஒரு கருநீலம். தொட்டால் கிணற்றுக் கல்லின் குளிர். நேற்று இவ்வளவு ஆழமில்லை.

அக்கா கோசராவைக் காய்ச்சல் கொண்டுபோனது கோடையில். இருவரும் அக்டோபரில் பிறந்தவர்கள். இவர்கள் ஊரான திமோக் ஆற்றங்கரையில், ஒரே மாதத்துப் பிள்ளைகளில் ஒருத்தி போனால் மற்றவளைப் பிரித்துவிட்டுத்தான் புதைப்பார்கள்; இல்லாவிட்டால் போனவள் அவளையும் கூட்டிக்கொள்வாள். சவத்தின் காலையும் உயிரோடிருப்பவள் காலையும், குதிரைக்குப் போடும் ஒரே இரும்புத் தளையின் இரு வளையங்களில் பூட்டுவார்கள். "எனக்கு யார் அக்கா?" என்று அவள் கேட்க வேண்டும். வெளியார் வீட்டுப் பெண் ஒருத்தி "நான்" என்று சொல்லித் திறந்துவிட்டால் விடுதலை. பக்கத்து வீட்டு ஸ்தானா தயாராகத்தான் நின்றாள். நெவேனா கேட்டாள். ஸ்தானா வாயெடுப்பதற்குள் ரதின்காவின் நெஞ்சு வெடித்துவிட்டது: "கோசரா இருக்காளேடி உனக்கு! கோசராதான் உன் அக்கா!"

தளையைத் திறந்தார்கள். வேறென்ன செய்வது.

இப்போது ரதின்கா வேலிக்கு ஓடினாள். ஸ்தானாவின் அம்மா விதோசவா, நாளைய சந்தைக்கு மிளகாய் பொறுக்கிக்கொண்டிருந்தாள்.

"என்னடி, மூஞ்சி ஊறின முட்டைக்கோஸ் மாதிரி இருக்கு?"

"அக்கா, ஸ்தானாவை அனுப்புங்க. இன்னொரு தடவை செஞ்சிடலாம். உங்க காலைப் பிடிக்கிறேன்."

விதோசவாவின் சிரிப்பு நின்றது. "சந்தையில நின்னு நரைச்சவடி நான். ஆள் உட்கார்ந்திருக்கிற கடையில இன்னொருத்திக்கு இடம் பேச மாட்டேன். உட்கார வெச்சது நீ."

"என் பிள்ளை போயிடுவாக்கா."

"தெரியுது." விதோசவா கூடையைத் தூக்கிக்கொண்டாள். "எனக்கும் ஒண்ணுதான்டி இருக்கு."

தொழுவத்தில் அந்தத் தளை தொங்கியது. ரதின்கா எடுத்து வந்தாள். சமையலறைத் தரையில் மாலை வெயில் நீளமாகக் கிடந்தது. ஒரு வளையத்தைத் தன் காலில் பூட்டினாள். மற்றதைத் திறந்து வைத்தாள்.

"கோசரா," என்று பேரம் பேசும் குரலில்தான் ஆரம்பித்தாள். அடுத்த சொல்லிலேயே உடைந்தது. "தனியா இருக்கப் பயமா இருந்தா அம்மா வரேன்டி கண்ணு. தலை பின்னி விடறேன். பாப்பாவை விட்டுடு. அவளுக்குப் பதிலா நான்."

ஈ ஒன்று சுற்றியது. நின்றது.

மெழுகு வாசனை.

திறந்த வளையம் மூடிக்கொண்டது. தரையில் சாயவில்லை. நின்றது. உள்ளே ஏதோ இருப்பதுபோல.

ரதின்கா அழுதாள். சந்தோஷத்தில். ஒப்புக்கொண்டுவிட்டாள், என் தங்கம்.

மாடியில் கதவு திறந்தது. வலது கால் ஒருமுறை. இடது கால்—

இருமுறை.

"இல்ல. கோசரா, பதிலுக்குன்னுதானே சொன்னேன்!"

தளையைப் பிடித்துத் திருகினாள். அசையவில்லை. கொடுத்ததைக் கோசரா பதிலாக எடுக்கவில்லை, கொசுறாக எடுத்துக்கொண்டிருந்தாள்.

நெவேனா வாசலில் நின்றாள். மேல்கோட்டின் பொத்தான்களையெல்லாம் போட்டிருந்தாள். இடது காலை, ஒன்றுமில்லாத இடத்தோடு ஒட்டி வைத்திருந்தாள். அந்த இடத்தின் மறுபக்கம் போய் நின்றது வளையம்.

"அக்கா நடுவுலம்மா. மூணு பேரும் போலாமாம்."

சங்கிலி இறுகியது.

மேசைக்காலைப் பிடித்தாள். நழுவியது. வாசற்படி. புழுதி. முகம் தரையில் தேய அவள் பார்த்தாள்: நெவேனாவின் சிவப்புச் செருப்புக்குப் பக்கத்தில், யாருமில்லாமல், ஈரமான சின்ன வெறுங்கால் தடங்கள், ஒன்றன்பின் ஒன்றாகப் பதிந்துகொண்டே கல்லறை மேட்டில் ஏறின.