அரவ நேரம்

குக்கர் மாதம் ஏழாம் தேதி, முடிதிருத்தும் இயந்திரம் ஒரு பெரியவரின் பாதித் தலையை மழித்துவிட்டுக் கத்தியை அந்தரத்தில் பிடித்தபடி நின்றது. பெரியவர் கோபப்படவில்லை. கண்ணை மூடிக்கொண்டார். "அரவ நேரம் தொடங்குகிறது" என்று சுவரில் பதித்த நாள்சொல்லிக் கருவி அறிவித்தது. தெருவில் விளையாடிய பிள்ளைகளை இழுத்து உள்ளே போட்டுக்கொண்டு எல்லா வீட்டிலும் கதவைச் சாத்திக்கொண்டார்கள்.

செம்பாழிக் கிரகத்துக்குத் தனி நாட்காட்டி. ஆண்டுக்குப் பதினேழு மாதம். முதல் கப்பலில் வந்திறங்கிய சாமான்களின் பெயரையே மாதங்களுக்கு வைத்திருந்தார்கள்: பம்பு, கேபிள், குக்கர், தார்ப்பாய், இப்படி. குக்கர் மாதத்தில் கல்யாணம் செய்தால் வீடு நிறையும். தார்ப்பாய் மாதத்தில் நல்ல காரியம் எதுவும் கிடையாது. இதுபோக, தினமும் ஒரு மணி நேரம் அரவ நேரம். கிழமைக்குக் கிழமை இடம் மாறும். அரவம் என்றால் பாம்பு என்று அங்கே பால்குடிக்கும் குழந்தைக்கும் தெரியும். அந்த நேரத்தில் காலப்பாம்பு ஊரைச் சுற்றி வரும், கதவு திறந்தால் நுழைந்துவிடும். செம்பாழியில் பாம்பே கிடையாது. பள்ளிக்கூடச் சுவரில் அதற்கு நான்கு கால் போட்டு வரைந்திருந்தார்கள். பூமியின் மூடநம்பிக்கை எதையும் தாங்கள் கொண்டுவரவில்லை என்பதில் இந்த ஜனங்களுக்கு ரொம்பப் பெருமை.

அன்றுதான் கோவேந்தனின் மனைவி நறுமுகைக்கு வலி எடுத்தது. ஊர் என்பது கண்ணாடிக் குமிழ்களின் கூட்டம். மருத்துவமனை அடுத்த குமிழில் இருந்தது. காற்றுக்குழாய் மெக்கானிக்கான கோவேந்தன் அவளைத் தூக்கிக்கொண்டு இணைப்புக் கதவுக்கு ஓடினான். காவலர் பூவராகன் சின்னக் கண்ணாடி வழியாக எட்டிப் பார்த்தார்.

"அண்ணே, கதவைத் திறங்க. ரத்தம் நிக்கவே மாட்டேங்குது."

"பொறுத்துக்கோ தம்பி. அரவம் இப்பத்தான் ஆரம்பிச்சிருக்கு."

"செத்துப்போயிடுவாண்ணே!"

"அதுக்குத்தாம்ப்பா சொல்றேன். இந்த நேரத்துல திறந்தா ஆகாது."

பூவராகன் கெட்டவர் அல்ல. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று அவரும் அழுதார். சத்தம் வராமல் இருக்கத் துண்டை வாயில் வைத்துக்கொண்டார். கோவேந்தன் போட்ட கூச்சல் குமிழ் முழுக்கக் கேட்டது. ஒரு கதவும் திறக்கவில்லை. அரவ நேரம் முடிந்து இணைப்புக் கதவு திறந்தபோது பெண் குழந்தை பிறந்திருந்தது, நறுமுகை போய்விட்டிருந்தாள்.

காரியமெல்லாம் முடிந்த பிறகு கோவேந்தன் தன் வீட்டு நாள்சொல்லியின் முன்னால் போய் நின்றான். அடித்து உடைக்கத்தான் போனான். உடைப்பதற்கு முன் ஒரு கேள்வி கேட்டான்.

"அரவம்னா என்ன?"

"சத்தம்" என்றது நாள்சொல்லி.

"பாம்பு இல்லையா?"

"பாம்பு என்றும் பொருள் உண்டு. ஆனால் இது சத்தம். ஆள் அரவம் இல்லை என்பார்களே, அந்த அரவம். முதலில் வந்தவர்கள் தண்ணீருக்காகத் தினமும் ஒரு மணி நேரம் பாறையைக் குடைந்தார்கள். மின்சாரம் மிஞ்சும் நேரத்தில் குடைந்ததால் கிழமைக்குக் கிழமை நேரம் மாறியது. இரைச்சலில் ஒருவர் பேசுவது ஒருவருக்குக் கேட்காது. அதனால் அந்த நேரத்தில் முக்கிய வேலை வேண்டாம் என்று நாட்காட்டியில் குறிக்க என்னிடம் சொன்னார்கள். தண்ணீர் கிடைத்ததும் குடைவதை நிறுத்தினார்கள். குறிப்பதை நிறுத்தச் சொல்லவில்லை."

"இத்தனை தலைமுறையா ஏன் இதச் சொல்லல?"

"யாரும் கேட்கவில்லை. எத்தனை மணிக்கு என்று மட்டும்தான் கேட்டார்கள்."

ஊரின் நாட்காட்டியைக் கவனிக்கும் காலக்குழு கூடியது. நாள்சொல்லி அதையே எல்லார் முன்னிலையிலும் சொன்னது. தலைவர் அம்பலவாணர் எழுந்து வந்து கோவேந்தனின் கையைப் பிடித்துக்கொண்டு ஓவென்று அழுதார். பிறகு மூக்கைத் துடைத்துக்கொண்டு யோசித்தார். அங்கேதான் வினை ஆரம்பித்தது.

"நம்ம முன்னோருங்க அந்த நேரத்துல சத்தம் போட்டிருக்காங்க. நாம என்னடான்னா வாயப் பொத்திட்டு உக்காந்திருந்தோம். தப்பு நம்ம மேலதான். அந்தக் குத்தம்தான் பாவம், அந்தப் பொண்ணு மேல விழுந்துருச்சு."

இனி அரவ நேரத்தில் கதவெல்லாம் திறந்திருக்க வேண்டும், ஆளுக்கொரு தட்டை எடுத்து வாசலில் நின்று அடிக்க வேண்டும், இயந்திரங்களும் சேர்ந்து அடிக்க வேண்டும் என்று முடிவாயிற்று. "உனக்குச் சம்மதமாப்பா?" என்று அம்பலவாணர் கேட்டார். கோவேந்தன் கைக்குழந்தையைப் பார்த்தான். "கதவு திறந்திருந்தாச் சரிங்கய்யா" என்றான்.

அந்தக் குழந்தை அல்லிக்கு ஆறு வயதானது. ஊரே அதட்டிப் பார்த்தும் அவளுக்குத் தட்டுச் சத்தம் பிடிக்கவில்லை. அடிக்க ஆரம்பித்தால் காதைப் பொத்திக்கொண்டு எங்கேயாவது ஒளிந்துகொள்வாள். தார்ப்பாய் மாதத்தில் ஒருநாள் கோவேந்தன் வாசலில் இருந்த காற்றுத்தொட்டியின் இரும்பு மூடியை முட்டுக்கொடுத்து நிமிர்த்திவிட்டு, உள்ளே கைவிட்டு வேலை செய்துகொண்டிருந்தான். அரவம் தொடங்கியது. அல்லி ஓடிவந்து தொட்டிக்குள் தலையை நுழைத்தாள். அவள் கால் பட்டு முட்டு சரிந்தது.

மூடியை அவன் இரண்டு கையாலும் பிடித்துவிட்டான், ஆனால் அவள் தலையை வெளியே எடுக்க இடைவெளி போதவில்லை. அதற்குமேல் தூக்க ஒரு ஆளால் முடியாது. விட்டால் பிள்ளையின் கழுத்து. இன்னொரு ஜோடிக் கை வந்தால் போதும். தெருவில் எல்லா வாசலிலும் ஆட்கள் நின்றார்கள். எதிர்வீட்டு வாசலிலேயே பூவராகன் நின்றார்.

"அண்ணே! ஓடியாங்க! பிள்ள மாட்டிக்கிச்சு!"

பூவராகனுக்கு அவன் வாய் அசைவது மட்டும் தெரிந்தது. பெண்டாட்டியைப் பறிகொடுத்தவன் இப்படி உடம்பு நடுங்க, முகம் சிவக்கக் கத்துவதைப் பார்த்து அவருக்கு மனம் நெகிழ்ந்துவிட்டது. "அப்படித்தான் தம்பி! இன்னும் சத்தமா!" என்று உற்சாகப்படுத்திக்கொண்டே தட்டை ஓங்கி அடித்தார். பக்கத்து வீட்டுக்காரர்களும் அவனைப் பார்த்துவிட்டு ஓங்கி அடித்தார்கள். கோவேந்தனின் கை முதலில் மரத்தது, பிறகு வழுக்கியது.

காலக்குழு மறுபடி கூடியது. அம்பலவாணர் இந்தத் தடவையும் அழுதார். பிறகு எழுந்து சொன்னார்.

"தாயும் அரவத்துல, பிள்ளையும் அரவத்துல. ஒரே வீட்டுல ரெண்டு உசுரு. அது நல்ல நேரமா கெட்ட நேரமான்னு இனிமேலும் யாருக்காவது சந்தேகமா?"

யாருக்கும் இல்லை. இனி கதவையும் சாத்திக்கொள்வது, உள்ளே இருந்து தட்டையும் அடிப்பது என்று முடிவாயிற்று.

வீட்டுக்கு வந்த கோவேந்தன் நாள்சொல்லியின் முன்னால் போய் நின்றான்.

"நாளைக்கு அரவம் எத்தன மணிக்கு?"

நாள்சொல்லி நேரத்தைச் சொன்னது. அவன் வேறெதுவும் கேட்கவில்லை. தட்டைத் தேடி எடுத்துக் கதவருகில் வைத்துக்கொண்டான்.