சுவர் பார்த்த படம்

பக்கத்து வீட்டுக் கரோக்கே ஒரு சொல்லின் நடுவில் நின்றது. மின்சாரம் போகவில்லை, துயெத்தின் மேசை விசிறி சுற்றிக்கொண்டுதான் இருந்தது.

சைகோனின் அந்தச் சந்து வீட்டில் கொஞ்சம் அமைதிக்காக அவள் ஒரு வாரமாகப் போராடிக்கொண்டிருந்தாள். போன இரண்டு கூட்டங்களிலும் சொதப்பியாகிவிட்டது. இன்று நான்கு மணி வீடியோ கூட்டத்திலும் சொதப்பினால் வேலை போய்விடும். அதனால் மேசையை மாடிப் பூஜையறைக்கு ஏற்றினாள். ஜன்னல் இடுக்குகளில் துணி அடைத்தாள். கைப்பேசியை அலமாரிக்குள் வைத்தாள். மிச்சம் இருந்தது பீடத்தில் இருந்த அப்பாவின் படம். எங்கே உட்கார்ந்தாலும் அந்தக் கண்கள் அவள் மேலேயே இருந்தன.

மதியம் அதைச் சுவர் பக்கம் திருப்பியபோது, பழத்தட்டோடு வந்த அம்மா பார்த்துவிட்டாள்.

"திருப்பாதடி. பத்தி ஏத்தி அவருகிட்ட கேட்டுட்டுத்தான் தொடணும்."

"முறைச்சுக்கிட்டே இருக்காரும்மா. வேலை ஓட மாட்டேங்குது."

"உசிரோட இருந்தப்ப உன்னைத் திரும்பிக்கூடப் பாக்காத மனுஷன். இப்பதான் முறைக்கறாராக்கும்."

"அப்ப கோவிச்சுக்கவும் மாட்டாரு. நீ கீழ போ."

அம்மா சிரித்துக்கொண்டேதான் இறங்கினாள். ஆனால் படிகளில் இரண்டு முறை நின்றாள்.

கரோக்கேயை அடுத்து, பழைய இரும்பு வாங்குகிறவனின் ஒலிபெருக்கி, சந்து முனையில் உறுமும் வண்டிகள், கீழே அடுப்பில் மீன் குழம்பு கொதிக்கும் சத்தம் எல்லாம் ஒவ்வொன்றாக வடிந்தன. நல்லதாகப் போயிற்று என்று நினைத்தாள். மடிக்கணினியில் விரல்கள் ஓடின. பத்தி வாசனை மட்டும் அறையில் கனத்துக்கொண்டே வந்தது.

யாரும் பத்தி ஏற்றவில்லை.

விசிறி சுற்றியது. சத்தமில்லை. விசைகளைத் தட்டினாள். அதிலும் இல்லை.

"அம்மா" என்றாள். உதடுதான் அசைந்தது.

எழுந்துபோய்ப் படத்தை இந்தப் பக்கம் திருப்பினாள். கண்ணாடிக்குள் நரைத்த பின்னந்தலை. கழுத்து மடிப்பு. சட்டைக் காலர். மறுபக்கம் பார்த்தாள். வெறும் அட்டை, துருப்பிடித்த ஆணி.

நான்கு மணி. திரையில் கூட்டம் தானே திறந்துகொண்டது.

மேலாளர் கியென், மற்ற ஐந்து பேர். ஆறு கட்டங்கள். ஆறு பின்னந்தலைகள்.

ஏழாவது அவளுடையது. கேமரா அவளுக்கு நேர் எதிரே இருந்தது. கட்டம் முழுக்கக் கூந்தல்.

மெதுவாகக் கையை முகத்துக்குக் கொண்டுபோனாள்.

விரல்களில் முடிதான் பட்டது.